நிலத்தை எடுக்க அரசு வந்தால் 'வேண்டாம்' என்று சொல்ல என்ன உரிமை இருக்கிறது?

நில எடுப்பு நோட்டீஸ் ஊருக்குள் வந்ததும் எழும் முதல் கேள்வி, சென்டுக்கு எவ்வளவு தருவார்கள் என்பதுதான். தப்பில்லை, நிலம் போகப்போகிறது என்றால் மனசு பணத்தைப் பற்றித்தான் ஓடும். ஆனால் அதற்கு முன்னாலேயே வேறொரு கேள்வியைக் கேட்கச் சட்டம் இடம் கொடுத்திருக்கிறது: எதற்காக எடுக்கிறீர்கள், இந்த நிலத்தைத்தான் எடுக்க வேண்டுமா, இவ்வளவு வேண்டுமா? இதைத்தான் ஆட்சேபணை என்கிறோம். இழப்பீடு போதாது என்ற வழக்கை இருபது வருஷம்கூட நடத்துகிறவர்கள் இருக்கிறார்கள். எடுப்பதே கூடாது என்று சொல்ல இருப்பதோ சில வாரங்கள்தான், அந்தச் சில வாரங்களையும் விலை பேசியே கழித்துவிட்டு, ஜேசிபி வந்து நின்ற பிறகு வக்கீலைத் தேடி ஓடுவது ஊர் ஊராக நடக்கிறது.

இந்த உரிமை ஆரம்பத்தில் இல்லவே இல்லை. 1894-ல் வெள்ளைக்காரன் போட்ட நில எடுப்புச் சட்டத்தில், அரசு அறிவிக்கும், அளக்கும், தொகை நிர்ணயிக்கும், எடுத்துக்கொள்ளும். நிலத்துக்காரர் பேசக் கிடைக்கும் ஒரே இடம் தொகையைப் பற்றியது. கல்கத்தாவில் வங்காள வங்கியின் அலுவலகத்தை விரிவாக்க எஸ்ரா என்பவரின் சொத்தை எடுத்தபோது விவகாரம் நீதிமன்றம் போனது, அன்றைக்குக் கடைசி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போனது, எங்குமே அவருக்குச் சாதகமாக வரவில்லை. சொத்துக்காரரின் எதிர்ப்பைக் கேட்டாக வேண்டும் என்று சட்டத்தில் ஒரு வரிகூட இல்லாதபோது நீதிபதிகள் என்ன செய்ய முடியும்? இந்த ஓட்டை வெளிச்சத்துக்கு வந்து, 1923-ல் சட்டத்தைத் திருத்தி 5-ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். அறிவிக்கை வந்த 30 நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபணை கொடுக்கலாம், கலெக்டர் நேரில் அழைத்துக் கேட்க வேண்டும், கேட்டதை அரசுக்கு அறிக்கையாக அனுப்ப வேண்டும். இன்றைக்கு இருக்கிற எல்லா ஆட்சேபணை உரிமைக்கும் வேர் அந்த ஒரு பிரிவுதான்.

ஒன்றை முதலிலேயே தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். நீங்கள் வேண்டாம் என்று சொன்னால் அரசு எடுக்கக் கூடாது என்று சட்டம் எங்கேயும் சொல்லவில்லை. சொத்து என்பது ஒரு காலத்தில் அடிப்படை உரிமையாக இருந்தது, 1978-ல் வந்த 44-வது திருத்தத்தோடு அது போனது. இப்போது அரசியல் சட்டத்தின் 300-ஏ பிரிவில் ஒரே ஒரு வாக்கியம் இருக்கிறது: சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது. அப்படியென்றால் சட்டப்படி பறிக்கலாம். ஆனால் அந்தச் 'சட்டப்படி' என்பதற்குள்தான் உங்கள் பலம் முழுக்க இருக்கிறது. உங்கள் தரப்பைக் கேட்டாக வேண்டும், கேட்ட மாதிரி பாவனை செய்தால் போதாது, சொன்னதை மனசில் வாங்கி, ஏன் ஏற்கவில்லை என்று காரணம் எழுதியாக வேண்டும். முன்ஷி சிங் வழக்கில் 1972-லேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. நிலம் போகப்போகிற ஒருவர் 'இதை எடுக்காதீர்கள்' என்று அதிகாரியை இணங்கவைக்க முறையான வாய்ப்பு இருந்தாக வேண்டும், 'திட்டமிட்ட வளர்ச்சிக்காக' என்று மொட்டையாக ஒரு காரணத்தைப் போட்டால் அவர் எதை எதிர்த்துப் பேசுவார் என்று கேட்டது.

காகிதத்தில் சரி, நிஜத்தில் இதற்குப் பலன் உண்டா என்று கேட்டால் சிங்கூரைத்தான் காட்ட வேண்டும். மேற்கு வங்கத்தில் டாடாவின் நானோ கார் தொழிற்சாலைக்காக 2006-ல் சுமார் 1,000 ஏக்கர் எடுத்தார்கள். போராட்டம், ஆட்சி மாற்றம், டாடா 2008-ல் குஜராத்துக்குப் போனது எல்லாம் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். 2016 ஆகஸ்ட் 31-ல் உச்ச நீதிமன்றம் அந்த நில எடுப்பையே ரத்து செய்தது, அந்தத் தீர்ப்பில் நிலத்துக்காரர்கள் கவனிக்க வேண்டிய இடம் ஒன்று இருக்கிறது. வழக்கைக் கேட்ட இரண்டு நீதிபதிகளுக்கும் கருத்து ஒத்துப்போகவில்லை. ஒரு கம்பெனிக்காக எடுத்துவிட்டுப் பொது நோக்கம் என்று சொல்ல முடியாது என்றார் நீதிபதி கோபால கவுடா. தொழிற்சாலை வந்தால் வேலைவாய்ப்பு வரும், இது பொது நோக்கம்தான் என்றார் நீதிபதி அருண் மிஸ்ரா. இவ்வளவு பெரிய விஷயத்தில் எதிரெதிராக நின்ற இருவரும் ஒரே இடத்தில் கைகோத்தார்கள்: விவசாயிகள் கொடுத்த ஆட்சேபணைகளை அதிகாரி முறையாகப் பரிசீலிக்கவில்லை, எந்திரத்தனமாகத் தள்ளுபடி செய்திருக்கிறார், ஆகவே எடுப்பு செல்லாது. நிலம் திரும்பி வந்தது, வாங்கின இழப்பீட்டையும் திருப்பித் தர வேண்டியதில்லை என்றார்கள். பொது நோக்கமா இல்லையா என்ற பெரிய விவாதத்தில் முடிவாகாத வழக்கை, 2006-ல் எழுதிக் கொடுத்த மனுக்கள்தான் முடித்துவைத்தன.

இந்த விசாரணையைத் தாண்டிக் குதிக்க அரசுகளுக்குப் பிடித்தமான வழி ஒன்று இருந்தது. 1894 சட்டத்தின் 17-வது பிரிவு, அவசரப் பிரிவு. அவசரம் என்று ஒரு வரி எழுதிவிட்டால் 5-ஏ விசாரணையே வேண்டாம். வெள்ளம், போர் மாதிரி நேரத்துக்கு வைத்த பிரிவை, அடுக்குமாடி கட்டவும் தொழிற்பேட்டை போடவும் எடுத்துப் பயன்படுத்தினார்கள். உத்தரப் பிரதேசத்தில் ஷாஜகான்பூர் மாவட்டச் சிறைக்காக இப்படி எடுத்த வழக்கில், அவசரம் என்று விசாரணையை ரத்து செய்த அரசு, அடுத்த கட்ட அறிவிப்பை வெளியிடவே கிட்டத்தட்ட ஓராண்டு எடுத்துக்கொண்டதை உச்ச நீதிமன்றம் சுட்டிக்காட்டியது. ஓராண்டு சும்மா இருக்க முடிந்தவர்களுக்கு, சில வாரம் மக்களைக் கேட்க நேரம் இல்லையா? அது 2011. அதே வருஷம் கிரேட்டர் நொய்டா வழக்குகளிலும் அவசரப் பிரிவு அடி வாங்கியது.

அப்புறம் வந்ததுதான் 2013 சட்டம், 2014 ஜனவரி 1 முதல் அமலில் இருப்பது. முழுப் பெயர் நீளமானது, நியாயமான இழப்பீடும் வெளிப்படைத்தன்மையும் என்று ஆரம்பிக்கும். இதில் ஆட்சேபணைக்கான இடம் 15-வது பிரிவு. முதற்கட்ட அறிவிக்கை வெளியான நாளிலிருந்து 60 நாள் அவகாசம். நிலத்தின் பரப்பையும் பொருத்தத்தையும் எதிர்க்கலாம், பொது நோக்கம் என்று சொல்லும் காரணத்தை எதிர்க்கலாம், திட்டத்தால் மக்களுக்கு என்ன பாதிப்பு வரும் என்று ஆராயும் சமூகத் தாக்க மதிப்பீட்டு அறிக்கையில் கண்டதையும் எதிர்க்கலாம். நேரிலோ, நீங்கள் அனுமதித்த ஆள் மூலமோ, வக்கீல் மூலமோ பேசலாம். அறிவிக்கைக்கு முன்னாலேயே சமூகத் தாக்க மதிப்பீடு, அதற்கு ஊரில் வைத்துக் கருத்துக்கேட்பு, தனியார் கம்பெனிக்கு என்றால் பாதிக்கப்படும் குடும்பங்களில் 80 சதவீதத்தின் சம்மதம், அரசும் தனியாரும் சேர்ந்த திட்டம் என்றால் 70 சதவீதம். அவசரப் பிரிவையும் நாட்டின் பாதுகாப்பு, இயற்கைப் பேரிடர், நாடாளுமன்றம் ஒப்புக்கொண்ட வேறு அவசரம் என்று சுருக்கினார்கள். சம்மதத்தையும் தாக்க மதிப்பீட்டையும் பல வகைத் திட்டங்களுக்கு விலக்க 2014 டிசம்பரில் ஒரு அவசரச் சட்டம் வந்தது, திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தார்கள், எதிர்ப்பு தாங்காமல் 2015 ஆகஸ்டில் காலாவதியாக விட்டுவிட்டார்கள்.

படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. சிக்கல் என்னவென்றால், தமிழ்நாட்டில் உங்கள் நிலத்துக்கு வரும் நோட்டீஸ் பெரும்பாலும் இந்தச் சட்டத்தின் கீழ் வராது.

2013 சட்டத்தின் நான்காவது அட்டவணையில் 13 மத்தியச் சட்டங்களை விலக்கி வைத்திருக்கிறார்கள். தேசிய நெடுஞ்சாலைச் சட்டம், ரயில்வே சட்டம், பெட்ரோலியக் குழாய்ச் சட்டம், மின்சாரச் சட்டம் எல்லாம் அதில் அடக்கம். 2015 முதல் இழப்பீட்டுக் கணக்கு மட்டும் புதுச் சட்டப்படி வருகிறது, சம்மதமும் சமூகத் தாக்க மதிப்பீடும் வராது. தேசிய நெடுஞ்சாலை என்றால் ஆட்சேபணைக்கு 3-சி பிரிவில் வெறும் 21 நாள், சிறப்பு ரயில்வே திட்டம் என்றால் 30 நாள். எரிவாயுக் குழாய் பதிக்க வந்தால் நிலம் உங்கள் பெயரிலேயே இருக்கும், அதைப் பயன்படுத்தும் உரிமையை மட்டும் எடுப்பார்கள், அதற்கும் 21 நாள்தான். ஆனால் குழாய் போன பாதையில் அப்புறம் வீடு கட்டக் கூடாது, கிணறு வெட்டக் கூடாது, மரம் வைக்கக் கூடாது, அதனால் நிலம் நம்மிடம்தானே இருக்கிறது என்று சும்மா இருந்துவிடாதீர்கள். கொங்கு மாவட்டங்களில் கெயில் குழாய்க்கு விவசாயிகள் அவ்வளவு எதிர்த்ததும், குழாயைச் சாலை ஓரமாகக் கொண்டுபோகும்படி 2013-ல் மாநில அரசே சொன்னதும், 2016-ல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்காததும் ஞாபகம் இருக்கலாம்.

இதற்கு மேல் தமிழ்நாட்டுக்கென்று தனியாக மூன்று சட்டங்கள் உண்டு. ஆதிதிராவிடர் நலத் திட்டங்களுக்கான 1978 சட்டம், தொழில் நோக்கங்களுக்கான 1997 சட்டம், 2001 நெடுஞ்சாலைச் சட்டம். 2013 சட்டம் வந்ததும் இவை செத்துப்போய்விட்டன என்று 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. அரசு உடனே அதே ஆண்டில் ஒரு மறுஉயிர்ப்புச் சட்டம் கொண்டுவந்து பின்தேதியிட்டு அவற்றைச் செல்லுபடியாக்கியது, 2021 ஜூனில் உச்ச நீதிமன்றமும் அது சரி என்றது. ஆகவே சிப்காட் விரிவாக்கம் என்றாலும் பரந்தூர் விமான நிலையம் என்றாலும் இன்றைக்கு ஓடுவது 1997 சட்டம்தான்.

இந்தச் சட்டத்தின் போக்கே வேறு. முதலில் 3(2) பிரிவில் ஒரு நோட்டீஸ் வரும்: இந்த நிலத்தை ஏன் எடுக்கக் கூடாது என்று இத்தனை நாளுக்குள் காரணம் காட்டுங்கள். நீங்கள் சொன்னதை அரசு பரிசீலிக்கும், பிறகு 3(1) அறிவிக்கை அரசிதழில் வரும். அறிவிக்கை வந்த அன்றைக்கே நிலம் எல்லா வில்லங்கமும் நீங்கி அரசுக்குப் போய்விடும். 2013 சட்டத்தில் முதற்கட்ட அறிவிக்கை, ஆட்சேபணை, உறுதி அறிவிப்பு, தீர்வம் (இழப்பீட்டை நிர்ணயிக்கும் உத்தரவு) என்று படிப்படியாகப் போகும், வழியில் காலக்கெடு தவறினால் எல்லாமே ரத்தாகும் வாய்ப்பும் உண்டு. இங்கே அந்தக் காரணம் கேட்கும் நோட்டீஸ்தான் உங்களுக்குக் கிடைக்கும் முதலும் கடைசியுமான கதவு. கிராம சபையில் எதிர்ப்புத் தீர்மானம் போட்டால் அரசியலாக அதற்கு எடை உண்டு, பரந்தூர் விமான நிலையத் திட்டத்தில் வரும் ஏகனாபுரத்தில் 2022 முதல் அப்படித் திரும்பத் திரும்பப் போடுகிறார்கள், ஆனால் கிராம சபை மறுத்தால் எடுக்கக் கூடாது என்று 1997 சட்டத்தில் எதுவும் இல்லை. தீர்மானம் ஒரு பக்கம் இருக்கட்டும், ஒவ்வொரு நிலத்துக்காரரும் தன் பெயரில் பதில் கொடுத்தாக வேண்டும்.

1978 சட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை. நிலமில்லாத தலித் குடும்பங்களுக்கு வீட்டுமனை கொடுக்க எடுக்கும் நிலம் அது. பழைய சட்டத்தின் நீண்ட நடைமுறையைப் பயன்படுத்தி இழுத்தடித்ததால்தான் சுருக்கமாக ஒன்றைக் கொண்டுவந்தார்கள், உச்ச நீதிமன்றமும் 1994-ல் அதைப் பெரும்பாலும் ஏற்றுக்கொண்டது. பக்கத்தில் அவர்கள் குடிவரக் கூடாது என்ற எண்ணத்தில் போடும் ஆட்சேபணையை நான் ஆதரிக்க மாட்டேன். இருக்கிற ஒரே ஒரு ஏக்கரும் போகிற சிறு விவசாயியின் ஆட்சேபணை வேறு, அதை அதிகாரி கேட்டுத்தான் ஆக வேண்டும்.

சரி, மனுவில் என்ன எழுதுவது? இங்கேதான் நிறையப் பேர் கோட்டை விடுகிறார்கள். ஊரில் யாரோ ஒருவர் டைப் அடித்துக் கொடுத்த ஒரே மனுவில் 200 பேர் பெயரை மட்டும் மாற்றி எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுப்பார்கள். 'நாங்கள் பரம்பரை விவசாயிகள், இந்த நிலமே எங்கள் வாழ்வாதாரம், கருணை கூர்ந்து கைவிட வேண்டுகிறோம்.' அத்தனையும் உண்மை. ஆனால் அதிகாரி அதற்கு எழுதும் பதிலும் ஒரே வரி: 'பொது நலன் கருதி ஏற்க இயலவில்லை.' நீதிமன்றம் அந்த வரியைக் குறை சொல்வது கஷ்டம், ஏனென்றால் மனுவில் பதில் சொல்லியாக வேண்டிய கேள்வி எதுவும் இல்லை.

அதே ஆள் இப்படி எழுதினால் கதை வேறு: என் சர்வே எண் இது, உட்பிரிவு இது, அடங்கலில் இரண்டு போகம் நெல் என்று பதிவாகியிருக்கிறது, நகல் இணைத்திருக்கிறேன். இதில் ஒரு கிணறும் போர்வெல்லும் இருக்கின்றன, நீங்கள் கேட்கும் துண்டு போனால் கிணறு அந்தப் பக்கமும் மிச்ச நிலம் இந்தப் பக்கமுமாகப் பிரியும், மிச்சத்துக்குத் தண்ணீரும் இல்லை, வண்டிப் பாதையும் இல்லை. மேற்கே இன்ன சர்வே எண்ணில் அரசுப் புறம்போக்குத் தரிசு இத்தனை ஏக்கர் கிடக்கிறது, அதைப் பரிசீலித்தீர்களா? திட்டத்துக்கு இத்தனை ஏக்கர் தேவை என்று எந்த அறிக்கையின்படி முடிவு செய்தீர்கள், அதன் நகலைக் கொடுங்கள். ஏற்கெனவே இதே தொழிற்பேட்டைக்கு முந்தைய கட்டத்தில் எடுத்ததில் எவ்வளவு காலியாக இருக்கிறது? என் நிலத்தின் குறுக்கே போகும் ஓடை புல வரைபடத்தில் இருக்கிறது, அதை மூடினால் மேலே இருக்கும் ஏரியின் உபரி நீர் எங்கே போகும்? இதில் ஒவ்வொன்றுக்கும் அதிகாரி பதில் எழுதியாக வேண்டும். எழுதாவிட்டால், மனசைச் செலுத்தவில்லை என்று நீதிமன்றத்தில் காட்ட உங்கள் கையில் காகிதம் இருக்கிறது. எல்லாவற்றுக்கும் கடைசியில், என்னை நேரில் விசாரிக்க வேண்டுகிறேன் என்ற வரியை மறக்காமல் எழுதுங்கள்.

ஒரு எச்சரிக்கை: சாலைத் திட்டங்களில் 'பாதையை இந்தப் பக்கம் மாற்றுங்கள்' என்ற ஆட்சேபணையை மட்டும் நம்பிப் போகாதீர்கள். பாதை எப்படிப் போக வேண்டும் என்பதை நிபுணர்களிடம் விட்டுவிட வேண்டும் என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. மாற்றுப் பாதையைக் காட்டலாம், காட்ட வேண்டும், ஆனால் அதோடு உங்கள் நிலத்துக்கே உரிய காரணங்களும் வேண்டும்.

விலையைப் பற்றி இந்த மனுவில் எழுதலாமா? என் அபிப்பிராயம், வேண்டாம். 'நிலத்தை எடுக்கக் கூடாது, எடுப்பதாக இருந்தால் சென்டுக்கு இவ்வளவு தர வேண்டும்' என்று ஒரே மனுவில் எழுதினால், அறிக்கையில் 'மனுதாரர் கூடுதல் இழப்பீடு கோருகிறார்' என்று மட்டும் வர வாய்ப்பு அதிகம். முதல் பாதி காணாமல் போய்விடும். தொகைக்கு வேறு நோட்டீஸ், வேறு விசாரணை பின்னால் வரும், அப்போது பேசிக்கொள்ளலாம்.

மனுவைக் கொண்டுபோய்க் கொடுத்தால் தபால் பிரிவில் தேதியோடு சீல் வைத்த நகலை வாங்காமல் வெளியே வராதீர்கள். கூடவே ஒப்புகை அட்டையோடு தபாலிலும் ஒன்றை அனுப்பிவிடுவது நல்லது. நாளைக் கணக்கிடும்போது அரசிதழ், பத்திரிகை, கையில் வந்த நோட்டீஸ் என்று மூன்று தேதி இருக்கும், எதிலிருந்து எண்ணுவது என்று வக்கீல்கள் வாதாடிக்கொள்ளட்டும், நீங்கள் முதல் தேதியிலிருந்தே எண்ணுங்கள்.

பட்டா விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். தாத்தா இறந்து முப்பது வருஷம் ஆகியிருக்கும், பட்டா இன்னும் அவர் பெயரில் இருக்கும், மூன்று மகன்களும் வாய்மொழியாகப் பிரித்துக்கொண்டு உழுதுகொண்டிருப்பார்கள். அதிகாரி ரிக்கார்டில் இருக்கும் பெயருக்குத்தான் நோட்டீஸ் அனுப்புவார், அது இறந்தவர் பெயருக்குப் போய், வி.ஏ.ஓ. அலுவலகச் சுவரில் ஒட்டப்பட்டு, நாள் கடந்துவிடும். நோட்டீஸ் உங்கள் பெயருக்கு வர வேண்டும் என்று காத்திருக்கத் தேவையில்லை. நிலத்தில் உரிமையோ பங்கோ உள்ளவர் என்ற முறையில் வாரிசுச் சான்றோடு நீங்களே போய் ஆட்சேபணை கொடுக்கலாம். 2013 சட்டத்தில் குத்தகைதாரருக்கும், பிழைப்பு பாதிக்கப்படுகிறவர்களுக்கும்கூட இடம் உண்டு. வெளியூரில் இருக்கும் அண்ணன், கல்யாணமாகிப் போன தங்கை எல்லோரும் தனித்தனியாகக் கொடுத்தால் இன்னும் நல்லது. அறிவிக்கை வந்த பிறகு மலிவாகக் கிடைக்கிறதே என்று அந்த நிலத்தை வாங்குகிறவர்களுக்கு ஒன்று: எடுப்பை எதிர்க்கும் உரிமை உங்களுக்குக் கிடையாது என்று உச்ச நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது.

விசாரணை நாள் வரும். கூட்டமாக அழைத்து வைத்து, வருகைப் பதிவேட்டில் கையெழுத்து வாங்கிக்கொண்டு, பேச்சு ஐந்து நிமிஷத்தில் விலைக்குத் திரும்பும். கையெழுத்துக்கு மேலே என்ன எழுதியிருக்கிறது என்று படிக்காமல் போடாதீர்கள். வெற்றுத் தாளிலோ, தனியார் பேச்சுவார்த்தைக்கு, அதாவது அதிகாரியோடு நேரடியாக விலை பேசி முடிப்பதற்கு, சம்மதம் என்று சொல்லும் படிவத்திலோ போட்டுவிட்டால், எதிர்ப்பும் போய்விடும், பிறகு கூடுதல் தொகை கேட்கும் வழியும் அடைபடும். நேரில் சொன்னதை அன்றைக்கே ஒரு பக்கத்தில் எழுதி, 'இன்று விசாரணையில் நான் தெரிவித்தவை' என்று கொடுத்துச் சீல் வாங்கிவிடுங்கள். பின்னால் அதிகாரி அரசுக்கு அனுப்பிய அறிக்கையைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கிப் படியுங்கள். எல்லாருடைய ஆட்சேபணைக்கும் ஒரே வாசகம் அச்சடித்த மாதிரி இருந்தால், சிங்கூரில் விழுந்த ஓட்டை இங்கேயும் இருக்கிறது என்று அர்த்தம்.

எனக்கு இந்த முறையிலேயே பெரிய மனக்குறை உண்டு. எடுப்பதும் அரசு, ஆட்சேபணையைக் கேட்பதும் அரசின் அதிகாரி, முடிவெடுப்பதும் அரசு. விசாரிக்கும் வருவாய் அதிகாரிக்கு இத்தனை ஏக்கரை இத்தனை மாதத்துக்குள் முடித்துக் கொடு என்று மேலிருந்து நெருக்கடி இருக்கும்போது, 'இந்த விவசாயி சொல்வது சரி, இந்த நிலத்தை விட்டுவிடலாம்' என்று எழுத எவ்வளவு துணிச்சல் வேண்டும்! தொகைத் தகராறுக்கு நீதிமன்றமும் ஆணையமும் வைத்தவர்கள், அதைவிட அடிப்படையான இந்தக் கேள்விக்குச் சுதந்திரமான ஒரு ஆளை வைக்கவில்லை. எதிர்ப்புச் சொன்னவர்களைக் குற்றவாளி போல நடத்துவதும் நடக்கிறது: 2023 நவம்பரில், செய்யாறு அருகே மேல்மா சிப்காட்டை எதிர்த்தவர்களில் 7 பேர் மீது குண்டர் சட்டம் போட்டார்கள், கண்டனம் கிளம்பிய பிறகு 6 பேருக்கு அதை விலக்கிக்கொண்டார்கள். சட்டமே பேசச் சொல்லி இடம் கொடுத்திருக்கும்போது பேசியவனைச் சிறையில் வைத்தால், அடுத்த ஊரில் யார் மனு கொடுக்க வருவார்கள்?

ஆட்சேபணை தள்ளுபடியானால் அடுத்தது உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. தாமதம் இங்கே கொல்லும். தீர்வம் வந்து, நிலத்தையும் எடுத்துக்கொண்ட பிறகு போனால் எடுப்பையே எதிர்க்கும் மனுவை நீதிமன்றங்கள் பெரும்பாலும் ஏற்பதில்லை. ஆட்சேபணையே கொடுக்காதவர் பிறகு வந்து விசாரணை சரியில்லை என்று சொல்ல முடியாது என்பதை குர்தீப் சிங் உபன் வழக்கில் 2000-த்தில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது, பக்கத்து வயல்காரர் ஜெயித்தால் நமக்கும் சேர்த்துத்தான் என்று நம்பி உட்கார்ந்திருக்க முடியாது. ரொம்ப முன்னால் போனாலும் சிக்கல்தான். சேலம் சென்னை எட்டு வழிச் சாலையில் 2019-ல் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்த அறிவிக்கைகளை, முதற்கட்ட அறிவிக்கைக்கு முன்பே சுற்றுச்சூழல் அனுமதி வாங்கியிருக்கத் தேவையில்லை என்று சொல்லி 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் மீட்டுக் கொடுத்தது. ஆனால் அதே தீர்ப்பில் விவசாயிகளுக்குச் சாதகமான ஒன்றும் உண்டு: முதற்கட்ட அறிவிக்கையை மட்டும் வைத்துக்கொண்டு வருவாய் ஆவணங்களில் பெயரை அரசுக்கு மாற்றியது தப்பு, பழையபடி திருத்திக் கொடுங்கள் என்றது. ஆகவே நோட்டீஸ் வந்த கையோடு ஆன்லைனில் உங்கள் பட்டாவை எடுத்துப் பார்த்து, அந்தத் தேதியோடு ஒரு நகலை வைத்துக்கொள்ளுங்கள்.

2024 மே மாதம் கொல்கத்தா மாநகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் 300-ஏ பிரிவுக்குள் ஏழு உரிமைகள் அடங்கியிருக்கின்றன என்று பிரித்துச் சொன்னது. முதலாவது, எடுக்கப்போகிறோம் என்று நோட்டீஸ் பெறும் உரிமை. இரண்டாவது, ஆட்சேபணையைக் கேட்கவைக்கும் உரிமை. மூன்றாவது, காரணத்தோடு கூடிய முடிவைப் பெறும் உரிமை. பொது நோக்கம், நியாயமான இழப்பீடு, வேகமான நடைமுறை, முறையான முடிவு எல்லாம் அதற்கு அப்புறம்தான் வருகின்றன. இழப்பீடு கொடுத்துவிட்டோமே, பிறகென்ன என்று அரசு சொல்ல முடியாது, முதல் மூன்றும் இல்லாமல் எடுத்தால் அது சட்டப்படி எடுத்ததாகவே ஆகாது. எந்தச் சட்டத்தின் கீழ் நோட்டீஸ் வந்தாலும் மனுவில் இந்தத் தீர்ப்பைக் குறிப்பிடலாம்.

கடைசிவரை போராடியும் நிலம் போய்விட்டால், பணத்தை வாங்கும்போது 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். அந்த இரண்டு சொல் இல்லாமல் வாங்கினால், 2013 சட்டத்தின் கீழ் தொகையை உயர்த்தக் கேட்டு ஆணையத்துக்கு அனுப்பச் சொல்லும் வழி அங்கேயே மூடிவிடும். அதற்கான மனுவுக்கும் அவகாசம் குறைவு, தீர்வம் சொன்னபோது நீங்கள் அங்கே இருந்திருந்தால் ஆறு வாரம்தான். வீட்டின் ஒரு பகுதியை மட்டும் எடுக்கிறார்கள் என்றால், எடுத்தால் முழு வீட்டையும் எடுங்கள் என்று கேட்க அதே சட்டத்தின் 94-வது பிரிவில் வழி இருக்கிறது, அதையும் எழுத்தில்தான் கேளுங்கள்.